பாவலர் பிரதர்ஸ்: ஓர் ஆர்மோனியப் பெட்டியின் பின்னால் வந்தவர்கள்

(பத்தாம் வகுப்பு 'அ' பிரிவு மாணவியர் சார்பில்)

சென்ற ஆண்டு எங்கள் தெருவில் மாதா திருவிழா நடந்தபோது, கடைசி நாள் இரவு 'மாபெரும் இன்னிசைக் கச்சேரி' என்று நோட்டீஸில் அச்சிட்டிருந்தார்கள். இராயபுரத்தில் பிறந்து வளர்ந்த எங்களுக்குக் கச்சேரி என்றால் கொள்ளை ஆசை. சாப்பாட்டைக்கூட அவசர அவசரமாக முடித்துக்கொண்டு, முன்வரிசையில் பாய் விரித்து இடம் பிடித்தோம். திரை விலகியது. மேடையில் இரண்டு பாடகர்களும் ஒரு கீபோர்டுக்காரரும் ஒரு மடிக்கணினியும் இருந்தார்கள். மடிக்கணினியையும் ஆள் கணக்கில் சேர்த்துச் சொல்வதற்குக் காரணம் உண்டு. ஐம்பது வயலின், நான்கு தபேலா, புல்லாங்குழல் எல்லாம் அதற்குள்ளிருந்துதான் வந்தன.

எங்கள் வகுப்புத் தோழி ஒருத்தியின் தாத்தா எங்களுக்குப் பக்கத்தில் நாற்காலி போட்டு அமர்ந்திருந்தார். துறைமுகத்தில் வேலை பார்த்து ஓய்வு பெற்றவர். வாலிப வயதில் ஓர் ஆர்க்கெஸ்ட்ராவில் தபேலா வாசித்தவர் என்று அன்றுதான் எங்களுக்குத் தெரிந்தது. "இன்னா கண்ணு இது, சத்தம் மட்டும் வருது, வாசிக்கிறவன் ஒருத்தனையும் காணோமே?" என்று கேட்டார். பாடகர் இளையராஜாவின் பாட்டு ஒன்றைப் பாடத் தொடங்கியதும் தாத்தா எங்கள் பக்கம் திரும்பி, "ராஜா சாரைத் தெரியும் உங்களுக்கு. அவரு எந்தக் கோஷ்டியிலேர்ந்து வந்தாரு, சொல்லுங்க பாக்கலாம்" என்றார். நாங்கள் ஒருவர் முகத்தை ஒருவர் பார்த்துக்கொண்டோம். "பாவலர் பிரதர்ஸ். பாவலர் யாருன்னு தெரியுமா?" என்றார். அதுவும் தெரியவில்லை.

அந்த வெட்கத்தில் பிறந்ததே இக்கட்டுரை. எங்களைப் போலவே தெரியாமல் இருக்கும் தோழியருக்காக, நாங்கள் படித்தும் கேட்டும் அறிந்தவற்றை இங்கே எழுதுகிறோம்.

மேற்குத் தொடர்ச்சி மலையின் அடிவாரத்தில், இன்றைய தேனி மாவட்டத்தில் பண்ணைப்புரம் என்ற சிற்றூர் இருக்கிறது. அன்று அது மதுரை மாவட்டத்தைச் சேர்ந்தது. அவ்வூரில் இராமசாமி என்பவரின் குடும்பத்தில் பிறந்தவர்கள் வரதராசன், பாஸ்கர், இராசய்யா, அமர்சிங் ஆகிய சகோதரர்கள். மூத்தவரான வரதராசன் தந்தையின் முதல் மனைவிக்குப் பிறந்தவர். மற்ற மூவரும் சின்னத்தாயம்மாளின் பிள்ளைகள். 1943இல் பிறந்த இராசய்யாதான் பின்னாளில் இளையராஜா. 1947இல் பிறந்த அமர்சிங்தான் கங்கை அமரன். வரதராசனுக்குப் 'பாவலர்' என்ற பட்டம் பெயரோடு ஒட்டிக்கொண்டது. பா இயற்றுபவர் பாவலர். அவர் பாட்டு எழுதுவார், மெட்டுப் போடுவார், ஆர்மோனியம் வாசிப்பார், தாமே பாடவும் செய்வார். ஒரு குழுவுக்கு வேண்டிய நான்கு வேலைகளை ஒரே ஆள் செய்தால் மற்றவர்களுக்கு என்ன வேலை என்று கேட்கத் தோன்றும். தாளம் வேண்டாமா? பின்பாட்டு வேண்டாமா? அதற்குத்தான் தம்பிகள்.

பாவலர் கம்யூனிஸ்டுக் கட்சியின் மேடைகளில் பாடியவர். இக்காலத்துப் பிள்ளைகளான நமக்குக் கட்சி மேடை என்றால் ஒலிபெருக்கியும் நெரிசலுமே நினைவுக்கு வருகின்றன. அந்நாளிலோ பேச்சாளர் வருவதற்கு முன் இரண்டு மணி நேரம் கூட்டத்தைக் கட்டிப்போட வேண்டும். பேச்சாளரின் கார் வழியில் பழுதாகி நின்றுவிட்டால் நான்கு மணி நேரம் ஆகும். படிக்கத் தெரியாதவர்கள் நிறைந்த கூட்டத்துக்கு விலைவாசியையும் கூலியையும் நிலத்தையும் பற்றிச் சொல்ல வேண்டும். பாட்டுதான் அதற்கு வழி. விடுதலைப் போராட்டக் காலத்திலேயே நாடக மேடையில் தேசபக்திப் பாடல்களைப் பாடிச் சிறை சென்ற விசுவநாததாஸ், 1940இல் நடித்துக்கொண்டிருந்த மேடையிலேயே உயிர் துறந்தார் என்று படித்திருக்கிறோம். அந்த வரிசையில் பிற்காலத்தில் வந்தவர் பாவலர்.

நம் வட்டாரத்துக்கும் இத்தகைய மேடைகள் புதியவை அல்ல. 1952 தேர்தலில் நம் வண்ணாரப்பேட்டைத் தொகுதியில் வென்று சட்டமன்றம் சென்ற ஜீவானந்தம், தாமே தொழிலாளர்களுக்காகப் பாடல்கள் எழுதியவர். லாரியின் பின்கதவை இறக்கி அதையே மேடையாக்கிப் பாடுவார்கள் என்றும், மில் சங்கு ஊதி ஷிப்டு விட்டு வருகிறவர்கள் சைக்கிளை நிறுத்தி ஒரு காலைத் தரையில் ஊன்றியபடியே கேட்பார்கள் என்றும் தாத்தா தம் தந்தையார் சொல்லக் கேட்டிருக்கிறார்.

பாவலரின் பெயர் பரவியதற்கு 1958ஆம் ஆண்டை முக்கியமாகச் சொல்கிறார்கள். பண்ணைப்புரத்துக்கு மேலே மலையேறிப் போனால் கேரளத்தின் தேவிகுளம் வட்டாரம். தேயிலைத் தோட்டங்களில் வேலை செய்தவர்களில் பெரும்பாலோர் தமிழர். 1957இல் கேரளத்தில் ஈ.எம்.எஸ். நம்பூதிரிபாட் தலைமையில் கம்யூனிஸ்டு அமைச்சரவை ஏற்பட்டது. அத்தேர்தலில் தேவிகுளத்தில் வென்றவர் ரோசம்மா புன்னூஸ் என்ற பெண்மணி. கேரளச் சட்டமன்றத்தில் முதன்முதலாக உறுதிமொழி எடுத்துக்கொண்ட உறுப்பினரும் இவரே. (பெண்கள் பள்ளி மலரில் இதை எழுதாமல் விட எங்களுக்கு மனம் வரவில்லை.) எதிர் வேட்பாளரின் மனுவைத் தவறாகத் தள்ளிவிட்டார்கள் என்ற காரணத்தால் அந்தத் தேர்தல் செல்லாது என்று தீர்ப்பாகி, 1958இல் இடைத்தேர்தல் வந்தது. சிறிய பெரும்பான்மையை மட்டுமே வைத்திருந்த அரசுக்கு அந்த ஓர் இடம் பெரிய காரியம். தமிழ் பேசும் தொழிலாளர்களிடம் தமிழில் பேச வேண்டும். பாவலர் ஆர்மோனியத்துடன் மலையேறினார். எஸ்டேட் எஸ்டேட்டாகப் பாடினார். ரோசம்மா மறுபடியும் வென்றார். அவ்வெற்றியில் பாவலரின் பாட்டுக்குப் பெரும் பங்கு உண்டு என்று இன்றும் அப்பக்கத்தில் பேசிக்கொள்கிறார்கள்.

இந்த ஆண்டு வாக்கில்தான் பதினான்கு வயது இராசய்யா அண்ணனின் குழுவில் சேர்ந்தார். பள்ளிப் படிப்பு முடியவில்லை. நாங்கள் பரீட்சைக்குப் பயந்துகொண்டிருக்கும் இந்த வயதில் அவர் ஊர் ஊராக இரவு கண்விழித்துக் கொண்டிருந்தார். அடுத்த பத்தாண்டுகள் தென்னாட்டின் பல ஊர்களிலும் சகோதரர்களின் கச்சேரிகள் நடந்தன. குரல் உடையாத சிறுவர்கள் என்பதால் தம்பிகள் பெண்குரலில் பாடினார்கள். மேடையேறிப் பாடப் பெண்பிள்ளைகளை யாரும் அனுப்பமாட்டார்கள் என்பதும் ஒரு காரணமாக இருந்திருக்கும் என்று நாங்கள் ஊகிக்கிறோம்.

இத்தகைய குழு எப்படி இயங்கியது என்பதைச் சற்று விளக்கமாகச் சொல்ல வேண்டும். மேடைப் பாடகர்கள் மக்களுக்கு ஏற்கெனவே தெரிந்த மெட்டைத் தேர்ந்தெடுப்பார்கள். அது நாற்று நடும்போது பாடும் மெட்டாகவும் இருக்கலாம், போன மாதம் டூரிங் கொட்டகையில் ஓடிய படத்தின் மெட்டாகவும் இருக்கலாம். அதில் அன்றைய சேதியைப் புதுச் சொற்களாக ஏற்றுவார்கள். மெட்டு தெரிந்ததாக இருப்பதால் காது உடனே ஏற்றுக்கொள்ளும். மனம் முழுவதும் சொல்லைக் கவனிக்கும். இரண்டாம் முறை பல்லவி வரும்போது கூட்டமே சேர்ந்து பாடும். இதற்கு நொட்டேஷன் தாளும் வேண்டாம், ஒத்திகை அறையும் வேண்டாம். ஆனால் அந்த ஊரின் சங்கதி தெரிந்திருக்க வேண்டும். காலையில் டீக்கடையில் கேட்ட செய்தி மாலையில் சரணமாக வந்துவிட வேண்டும். எங்களில் இருவர் இதைச் செய்து பார்த்தார்கள். பள்ளி விடுதிச் சாம்பாரைப் பற்றி ஒரு பழைய மெட்டில் நான்கு வரி எழுதுவதற்கு அரைநாள் பிடித்தது. அதையும் மதர் காதில் விழாதபடி மெதுவாகத்தான் பாட முடிந்தது!

அடுத்ததாக ஆர்மோனியம். இது ஐரோப்பாவில் பிறந்த வாத்தியம். அங்கே காலால் மிதித்து வாசிக்கும் மேசை போன்ற பெட்டியாக இருந்தது. தரையில் அமர்ந்து வாசிக்கும் நம்மவர்களுக்காகக் கல்கத்தாவில் பத்தொன்பதாம் நூற்றாண்டில் அதைக் கையால் துருத்தி அமுக்கும் சிறு பெட்டியாக மாற்றினார்கள். ஒரு கை காற்றைத் தரும், மறுகை கட்டைகளில் ஓடும். காற்று உள்ளேயிருக்கும் பித்தளை நாக்குகளை அதிரச் செய்கிறது. சத்தம் பெரிது, சுருதி எளிதில் கலையாது, தூக்கிக்கொண்டு பேருந்தில் ஏறலாம். மேடைப் பாடகனுக்கு இதைவிட நல்ல துணை கிடையாது. ஆனால் இதில் கமகத்தை இழைத்து வாசிக்க இயலாது, நம் சங்கீதத்துக்கு இது ஒவ்வாது என்று சொல்லி அகில இந்திய வானொலி 1940 முதல் 1971 வரை ஆர்மோனியத்தை ஒதுக்கி வைத்திருந்தது. பாவலர் ஊர் ஊராகப் பாடிய ஆண்டுகளில் பெரும்பகுதி இந்தத் தடைக்குள்ளேயே அடங்கிவிடுகிறது. மூங்கில் பந்தலின் கீழ் ஆயிரக்கணக்கானோர் விரும்பிக் கேட்ட வாத்தியத்துக்கு வானொலி நிலையத்தின் கதவு திறக்கவில்லை என்பது எங்களுக்கு விந்தையாகத்தான் இருக்கிறது. கமகத்தைப் பற்றிச் சொன்னவர்கள் சங்கீதம் தெரிந்தவர்கள். அவர்கள் சொன்னது பொய்யில்லை. என்றாலும் முப்பது ஆண்டுகள் கொஞ்சம் அதிகம்.

அண்ணனின் ஆர்மோனியத்தைத் தம்பிகள் தொடக் கூடாது. தொட்டால் அடி விழும். இதை இளையராஜாவே பல மேடைகளில் சிரித்துக்கொண்டே சொல்லியிருக்கிறார். அண்ணன் வெளியே போன நேரம் பார்த்து எடுத்து வாசித்துப் பழகியிருக்கிறார். குரல் உடைந்து பெண்குரலில் பாட முடியாமல் போனபின், அடிக்குத் தப்பி வாசித்துக் கற்ற அந்த வித்தைதான் கைகொடுத்தது. அண்ணன் கோயம்புத்தூரில் வாங்கிய அந்தப் பெட்டியைத்தான் இன்றும் தாம் வைத்து மெட்டமைப்பதாக அவர் கூறுவதுண்டு. 1964இல் நேருஜி மறைந்தபோது கவிஞர் கண்ணதாசன் எழுதிய இரங்கற்பாவுக்கு மெட்டமைத்ததே அவருடைய முதல் இசையமைப்பு. அதுவும் குழுவில் இருந்த காலத்தில் நடந்ததே.

இப்போது சென்னைக்கு வருவோம்.

1968 வாக்கில் தம்பிகள் மூவரும் சென்னைக்குப் புறப்பட்டார்கள். கையில் காசில்லை. தாயார் சின்னத்தாயம்மாள் வீட்டிலிருந்த ரேடியோவை விற்று நானூறு ரூபாயைக் கொடுத்தனுப்பினார். பாட்டு கேட்கும் பெட்டியை விற்றுப் பிள்ளைகளைப் பாட்டுக்கு அனுப்பிய அத்தாயை நினைக்கும்போது எங்கள் அன்னையரின் அடகு வைத்த நகைகள் எங்களுக்கு நினைவு வருகின்றன. சென்னையில் அவர்களுக்கு ஒரு நண்பர் இருந்தார். பண்ணைப்புரம் பக்கம் சுகாதார ஆய்வாளராக வேலை பார்த்தபோது இவர்களுடைய இசையோடு நாடகம் போட்டு, பிறகு சினிமா ஆசையில் சென்னை வந்திருந்தவர். அவர்தான் பாரதிராஜா.

நகரத்தில் இவர்கள் 'பாவலர் பிரதர்ஸ்' என்ற பெயரில் நாடகங்களுக்கும் கச்சேரிகளுக்கும் வாசித்தார்கள். பெயரில் அண்ணன் இருந்தார். மேடையில் தம்பிகள் இருந்தார்கள். அக்காலத்தில் பாடகர் எஸ்.பி.பாலசுப்பிரமணியம் ஒரு மெல்லிசைக் குழுவை நடத்திவந்தார். அதில் இளையராஜா முதலில் கிதாரும் பிறகு ஆர்மோனியமும், பாஸ்கர் தாள வாத்தியங்களும், அமர் கிதாரும் வாசித்தனர். 2020இல் மறைந்த எஸ்.பி.பி. திரையில் பாடத் தொடங்கிச் சில ஆண்டுகளே ஆகியிருந்த சமயம் அது. இப்போது அந்த மேடையைக் கற்பனை செய்து பார்த்தால், இவர்களையெல்லாம் சேர்த்து நான்கணா டிக்கெட்டில் பார்த்த புண்ணியவான்கள் யாரோ என்று பொறாமையாக இருக்கிறது.

இளையராஜாவின் வாழ்வில் அடுத்து வந்தவர் தன்ராஜ் மாஸ்டர். மயிலாப்பூரில் ஒரு லாட்ஜ் அறையில் மேற்கத்திய சங்கீதம் கற்பித்தவர். இராசய்யா என்ற பெயரை 'ராஜா' என்று சுருக்கியவரும் அவரே. கேள்வி ஞானத்தால் வாசித்துவந்தவர் அவரிடம் ஐந்து கோடுகளில் இசையை எழுதவும் படிக்கவும் கற்றார். லண்டன் டிரினிட்டி இசைக் கல்லூரியின் கிதார் தேர்விலும் தேறினார். பின்னர் இசையமைப்பாளர் ஜி.கே.வெங்கடேஷிடம் உதவியாளராகி, பெரும்பாலும் கன்னடப் படங்களில் வேலை செய்தார். இங்கேதான் குழுவின் முடிவு தொடங்குகிறது என்பது எங்கள் எண்ணம். கச்சேரிக்காரனுக்கு இரவு எட்டு மணிக்குப் பொழுது விடியும். ரெக்கார்டிங் தியேட்டரில் காலை ஏழு மணிக்கு வாத்தியத்தோடு நிற்க வேண்டும். இரண்டையும் ஒரே உடம்பு எத்தனை நாள் தாங்கும்? மேலும், கச்சேரிக்காரன் கூட்டத்தைப் பார்த்து வாசிப்பான். தியேட்டர்க்காரன் தாளைப் பார்த்து வாசிப்பான். ஒருமுறை தாளைப் படிக்கக் கற்றவனை அழைக்க ஆட்கள் வரிசையில் நிற்பார்கள்.

இதற்கிடையே 1973இல் பாவலர் வரதராசன் காலமானார். தம்பிகளுக்குச் சினிமாவில் இன்னும் சொந்தமாக ஒரு படம் வந்திருக்கவில்லை.

மூன்றே ஆண்டுகள். 1976 மே மாதத்தில் 'அன்னக்கிளி' வெளிவந்தது. தயாரிப்பாளர் பஞ்சு அருணாசலம், ஏற்கெனவே ஏ.எம்.ராஜா என்று ஒருவர் இருந்ததால் இந்த ராஜாவை 'இளையராஜா' ஆக்கினார். அதற்குப் பின் நடந்தது எங்கள் பாட்டிமாருக்கும் தெரியும். 1977இல் பாரதிராஜாவின் '16 வயதினிலே'; அதில் பாட்டெழுதிக் கங்கை அமரனும் புகழ் பெற்றார். பிறகு அவர் இசையமைப்பாளராகி, இயக்குநராகி, 1989இல் 'கரகாட்டக்கார'னை எடுத்தார். பாஸ்கர் படத் தயாரிப்பில் இறங்கினார். 'பாவலர் கிரியேஷன்ஸ்' என்ற பெயரில் 1981இல் 'அலைகள் ஓய்வதில்லை' வந்தது. இவ்வாறு அண்ணனின் பட்டப்பெயர் ஒரு கம்பெனியின் பெயராகத் திரையில் நின்றது. நான்கு பேர் சேர்ந்து ஒரு பந்தலின் கீழ் பாடும் 'பாவலர் பிரதர்ஸ்' என்பது அதற்குள் இல்லாமற் போயிருந்தது. யாரும் சண்டையிட்டு அதைக் கலைக்கவில்லை. ஒவ்வொருவருக்கும் வேலை கிடைத்தது, குழு நின்றது.

இதைத் தாத்தாவிடம் சொன்னபோது அவர் வேறொரு சங்கதியைச் சொன்னார். "அவங்க கோஷ்டி நின்னதாலதான் எங்க கோஷ்டி ஓடுச்சு!" என்றார். யோசித்துப் பார்த்தால் உண்மை. எழுபதுகளின் பின்பகுதியிலும் எண்பதுகளிலும் தமிழ்நாடெங்கும் ஆர்க்கெஸ்ட்ராக்கள் புறப்பட்டன. கோயில் திருவிழா, மாதா திருவிழா, கல்யாணம், தொழிற்சங்க ஆண்டுவிழா எல்லாவற்றுக்கும் கச்சேரி. அவர்கள் பாடியவற்றில் பாதிக்கு மேல் இளையராஜாவின் பாடல்கள். திருவொற்றியூரிலிருந்து எண்ணூர் வரை ஓர் ஆடி மாதத்தில் பதினெட்டு மேடை ஏறியிருப்பதாகத் தாத்தா கணக்குச் சொல்கிறார். இரவு கச்சேரி, காலையில் துறைமுக வேலை. சாக்குப் பையைத் தூக்கிய கையோடு தபேலா வாசித்ததால் விரல் காய்த்துப்போய், மனிதர் வேறு சுத்தி வேறு என்று இல்லாமல் தட்டியதாகக் கூறிச் சிரித்தார்.

அந்தக் குழுவும் நின்றது. கேசட் வந்தது, தொலைக்காட்சி வந்தது. அவற்றைக்கூடத் தாத்தா பெரிதாகச் சொல்லவில்லை. கீபோர்டில் தாளத்துக்கென்று ஒரு பொத்தான் வந்தது பாருங்கள், அன்றைக்கே தபேலாக்காரனின் நாற்காலி ஆட்டம் கண்டது என்கிறார். பிறகு வயலின் போனது, புல்லாங்குழல் போனது. ஆள் குறைந்தால் வேனில் இடம் மிச்சம், சாப்பாடு மிச்சம். விழாக் கமிட்டிக்கும் அதுவே வசதி. தமிழ்ப் படப் பாடல்களைக் கணினியின் துணையோடு பதிவு செய்யும் வழக்கத்தை 1986இல் தொடங்கி வைத்தவர் இளையராஜாவே என்பதை நாங்கள் தாத்தாவிடம் தயங்கித் தயங்கிச் சொன்னோம். அவர் கோபப்படுவார் என்று நினைத்தோம். "அவரு வாசிக்கத் தெரிஞ்சிட்டு மெசினைத் தொட்டாரு" என்று மட்டும் சொன்னார்.

அண்ணன் தம்பிகளின் குழு என்றதும் எங்கள் ஆங்கில ஆசிரியையான சிஸ்டர், கடல் கடந்த ஒரு குழுவின் கதையைச் சொன்னார். அமெரிக்காவின் தென்பகுதியில், பிளாரிடா மாநிலத்தில் ஜாக்சன்வில் என்று ஒரு துறைமுக நகரம். நம் வடசென்னையைப் போலக் கப்பலும் லாரியும் தொழிலாளர் குடும்பங்களும் நிறைந்த ஊர். 1964 வாக்கில் அங்கே சில பள்ளி மாணவர்கள் ராக் இசைக் குழு ஒன்று ஆரம்பித்தார்கள். நீளமாக முடி வளர்த்ததற்காக அவர்களை ஓயாமல் கண்டித்த உடற்பயிற்சி ஆசிரியர் லியோனார்ட் ஸ்கின்னரைக் கேலி செய்யும் விதமாகக் குழுவுக்கு 'லினர்ட் ஸ்கினர்ட்' என்று பெயரிட்டார்கள். (நம் பள்ளியில் யாரும் முயல வேண்டாம்.) 1973இல் முதல் இசைத்தட்டு. அடுத்த ஆண்டுகளில் உலகப் புகழ். 1977 அக்டோபர் 20ஆம் தேதி, எரிபொருள் தீர்ந்துபோன அவர்களுடைய விமானம் மிசிசிப்பிக் காட்டில் விழுந்தது. பாடகரும் தலைவருமான ரோனி வான் சாண்ட் உட்பட ஆறு பேர் மாண்டனர். அவர்களுடைய புதிய இசைத்தட்டு வெளிவந்து மூன்றே நாள் ஆகியிருந்தது. பத்தாண்டுகள் கழித்து, 1987இல் மிஞ்சியவர்கள் மறுபடி கூடினார்கள். அண்ணனின் இடத்தில் நின்று பாடியவர் தம்பி ஜானி. 2023இல் காரி ராசிங்டன் இறந்ததோடு ஆரம்பகால உறுப்பினர்களில் உயிரோடிருந்த கடைசி ஒருவரும் போய்விட்டார்.

அக்கதையைக் கேட்டபோது எங்களுக்கு ஒன்று உறைத்தது. ரோனி இறந்து ஏறக்குறைய அரை நூற்றாண்டு ஆகிறது. ஆனால் இராயபுரத்தில் இருக்கும் நாங்கள் சிஸ்டரின் கைப்பேசியில் அவருடைய குரலைக் கேட்டோம். கடல் கடந்த மனிதரின் குரல் எங்கள் வகுப்பறையில் ஒலித்தது. மலையடிவாரத்தில் நம் மொழியில் நம்மவர்களுக்காகப் பாடிய பாவலரின் குரலை எங்களில் ஒருவரும் கேட்டதில்லை. ஆண்டுவிழாவில் அவருடைய பாட்டு ஒன்றைப் பாடலாம் என்று தீர்மானித்து, வகுப்பிலுள்ள எல்லாருடைய வீட்டிலும் விசாரித்தோம். தாத்தாமார், பாட்டிமார், மாமாமார் எல்லாரும் இளையராஜாவின் பாடல்களை வரிசையாகப் பாடிக் காட்டினார்கள். பாவலரின் ஒரு வரிகூட யாருக்கும் வாயில் வரவில்லை. அன்றன்றைய சேதிக்காக அன்றன்று கட்டிய பாட்டுக்கு இந்தக் கதி நேரும்போலும். தேர்தல் முடிந்தால் நோட்டீஸ் கிழிந்துவிடுகிறது. ஆனாலும், தம்பி 2025 மார்ச்சில் லண்டன் மாநகரில் தம் சிம்பொனியை அரங்கேற்றியதைத் தொலைக்காட்சியில் பார்த்தபோது, எங்கள் கண்கள் அந்த வயலின் கூட்டத்துக்கு நடுவே ஓர் ஆர்மோனியப் பெட்டியைத் தேடின.

ஆண்டுவிழாவுக்கு வேறு பாட்டுதான் பாடினோம். மடிக்கணினி வேண்டாம் என்று மட்டும் பிடிவாதமாக இருந்தோம். தாத்தாவின் பழைய தபேலாவைப் பரண்மேலிருந்து இறக்கினோம். தோலை எலி கடித்திருந்தது. தங்கசாலை பக்கம் தோல் மாற்றித் தருபவர் ஒருவரைத் தாத்தாவே தேடிப் பிடித்தார். பாடியது எட்டுப் பேர், ஒருத்தி கிதார், ஒருத்தி பள்ளிக் கோயிலின் பழைய ஆர்மோனியம். அதன் துருத்தியில் காற்று ஒழுகியதால் இரண்டு கட்டைகள் பேசவில்லை; அந்த ஸ்வரங்கள் வரும் இடங்களில் நாங்கள் உரக்கப் பாடிச் சமாளித்தோம். தாத்தாவுக்கு மேடையேறக் கூச்சம். திரைக்குப் பக்கத்தில் நாற்காலி போட்டு, பார்வையாளர்களுக்குத் தெரியாதபடி அமர்ந்து வாசித்தார். இரண்டாம் சரணத்தில் நாங்கள் தாளம் தவறியபோது அவர் நிறுத்தவில்லை, எங்களுக்காகக் காத்திருந்து பல்லவியில் சேர்த்துக்கொண்டார்.